இராவணன் எந்த மொழியில் முறைப்பாடு எழுதுவான்?

மொழி ஜாதகவியல் என்று ஒரு துறை நடந்துகொண்டிருக்கிறது. எந்தப் பல்கலைக்கழகமும் அதற்குப் பட்டம் தருவதில்லை. ஆனால் மாநாடு உண்டு. பொன்னாடை உண்டு. மந்திரி வந்து குத்துவிளக்கு ஏற்றுவதும் உண்டு. ஆராய்ச்சி மட்டும் இல்லை. அது இல்லாததால் துறைக்கு எந்தக் குறையும் வந்ததாகத் தெரியவில்லை.

துறையின் வேலை மிகச் சுருக்கம். ஒரு மொழியை எடு. அதற்கு வயது சொல். பக்கத்து மொழியின் வயதைவிட ஓர் ஆயிரம் கூட்டிச் சொல். பக்கத்து மொழிக்காரன் எழுந்து நின்று அதற்கு மேல் ஐந்தாயிரம் சொல்வான். நீ பத்தாயிரம் சொல். சொல்கிறவர் எவரும் கைக்காசு கட்டப் போவதில்லை. கட்டுவது நாம். அதனால் வயது ஏறிக்கொண்டே போகும்.

முதலில் நம்முடைய கிளையைப் பார்ப்போம். நம் வீட்டுக் குப்பையை நாம்தான் கூட்ட வேண்டும்.

இறையனார் அகப்பொருள் உரை மூன்று சங்கங்களுக்குக் கணக்குச் சொல்கிறது. முதற் சங்கம் 4,440 ஆண்டு. இடைச் சங்கம் 3,700 ஆண்டு. கடைச் சங்கம் 1,850 ஆண்டு. கூட்டிப் பாருங்கள்: 9,990. பத்தாயிரத்துக்குப் பத்துதான் குறைவு. முதற் சங்கத்தில் பாடிய புலவர்கள் 4,449 பேர். உரைகாரர் தம் காலத்தில் வழங்கிய மரபைச் சொன்னார். அவரில் பிழையில்லை. அதைக் கணக்காய்வாளர் நாயகத்தின் அறிக்கை போல மேடையில் வாசிக்கிறோமே, பிழை அங்கேதான்.

அடுத்தது கடலுக்குள் போன நிலம். 1864 இல் பிலிப் ஸ்கிளேட்டர் என்ற ஆங்கில விலங்கியலாளருக்கு ஒரு சிக்கல். லெமூர் என்ற உயிரினம் மடகாஸ்கரில் இருக்கிறது. அதன் சொந்தபந்தங்கள் இந்தியாவில் இருந்திருக்கின்றன. நடுவில் கடல். எப்படிப் போய் வந்தன? நடுவே ஒரு நிலம் இருந்து அமிழ்ந்திருக்கலாம் என்றார். லெமூரியா என்று பேரும் வைத்தார். அவருடைய கவலை முழுவதும் லெமூரைப் பற்றியது. தமிழைப் பற்றி அதில் ஒரு வரி கவலை கிடையாது. கண்டங்களே நகர்கின்றன என்று பின்னால் தெளிவானதும் விஞ்ஞானம் அந்த நிலத்தைக் கைவிட்டது. கைவிட்ட காணியில் நாம் குடியேறினோம். 1981 மதுரை உலகத் தமிழ் மாநாட்டில் தமிழ்நாட்டு அரசே குமரிக் கண்டத்தைப் படமாக எடுத்துக் காட்டியது. உறுதிப்பத்திரம் மட்டும் இன்னும் வரவில்லை.

சிங்களக் கிளைக்குப் போவோம். 1941 இல் முனிதாச குமாரதுங்க ஹெல ஹவுல என்ற அமைப்பைத் தொடங்கினார். இலக்கணத்தில் ஆழம் கண்டவர். சமஸ்கிருதம் கலவாத தூய ஹெல மொழி வேண்டும் என்றார். விஜயன் கப்பலில் வந்து இறங்கியதாகச் சொல்லும் கதைக்கு முன்பே இங்கே ஹெல மக்கள் வாழ்ந்தார்கள் என்பது அந்த அணியின் நிலைப்பாடு. அவருக்குப் பின் வந்த பலருக்கு இலக்கணம் கடினமாக இருந்தது. இராவணன் சுலபமாக இருந்தான்.

இராவணனை நாமும் சும்மா விடவில்லை. புலவர் குழந்தை 1946 இல் இராவண காவியம் பாடினார். 1948 இல் சென்னை மாகாண அரசு அதைத் தடை செய்தது. 1971 இல்தான் தடை நீங்கியது. அந்தக் காவியத்தில் இராவணன் தமிழ் வேந்தன். இங்கே இலங்கையின் தெற்கில் எழுதப்படும் நூல்களில் அவன் ஹெல வேந்தன். ஒரே ஆளுக்கு இரண்டு தாய்மொழி. அவன் சாட்சிக் கூண்டில் ஏற மாட்டான் என்ற தைரியம் இரண்டு தரப்புக்கும் உண்டு.

இரண்டு கிளைகளும் சந்திக்கும் இடம் எங்கள் ஊவா மாகாணம். எல்லயிலிருந்து வெல்லவாயவுக்கு இறங்குங்கள். இராவணன் குகை, இராவணன் நீர்வீழ்ச்சி, இராவணன் பெயரில் சாப்பாட்டுக் கடை, தங்குமிடம் எல்லாம் உண்டு. பதுளை மாவட்டத்தில் குளிருக்குப் போர்த்திக்கொண்டு புறப்பட்டவர் மொனராகலை மாவட்டத்து வெயிலுக்குள் இறங்கும் வரை இராவணன் கூடவே வருவான். பஸ்தான் வராது.

இனி விமானத்துக்கு வருவோம்.

2019 ஜனவரி. ஜலந்தரில் இந்திய அறிவியல் மாநாடு. ஆந்திரப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தர் எழுந்தார். இராவணனிடம் 24 வகை விமானங்கள் இருந்தன, இலங்கையில் விமான நிலையங்கள் இருந்தன என்றார். மண்டபத்தில் பள்ளிப் பிள்ளைகளும் இருந்தார்கள். பக்கத்து நாட்டுத் துணைவேந்தரே சொல்லிவிட்டார். நாங்கள் விடுவோமா? அதே ஆண்டு ஜூலையில் கட்டுநாயக்காவில் எங்கள் சிவில் விமானப் போக்குவரத்து அதிகாரசபை ஒரு மாநாடு கூட்டியது. உலகின் முதல் விமானி இராவணனே, காலம் 5,000 ஆண்டுக்கு முன் என்று முடிவாயிற்று. 2020 ஜூலையில் பத்திரிகையில் விளம்பரமும் வந்தது. இராவணன் பறந்ததற்கான ஆவணங்கள், ஏடுகள், நூல்கள் கைவசம் இருப்போர் தந்து உதவுமாறு பொதுமக்களிடம் அரசாங்கம் கேட்டது. கொரோனாவுக்கு விமான நிலையம் வழமையான பயணிகளுக்குப் பூட்டிக் கிடந்த நேரம் அது. இன்றைய விமானங்கள் பெரும்பாலும் தரையில் நின்றன. 5,000 ஆண்டுக்கு முந்தைய விமானத்துக்குக் கோவை திறந்தார்கள்.

உண்மையாகவே பறந்த ஓர் இராவணனும் உண்டு. ஜப்பானில் படித்த எங்கள் இளம் பொறியியலாளர்கள் செய்த இராவணா-1 என்ற சின்னஞ்சிறு செயற்கைக்கோள். 2019 ஏப்ரலில் ஏவப்பட்டது. ஜூனில் சுற்றுப்பாதைக்குப் போனது. அதைப் பறக்க வைத்தவை கணக்கும் இயற்பியலும். பேர் மட்டும் ஜாதகவியல் துறையின் உபயம்.

மொழிக்கும் காலத்துக்கும் உள்ள உறவை நேர்மையாகத் தேடுகிறவர்களும் இருக்கிறார்கள். அவர்களுக்குப் பொன்னாடை கிடைப்பதில்லை. வைமானிக சாஸ்திரம் என்ற நூலைப் பரத்வாஜ முனிவர் அருளியது என்று சொல்லி விற்றார்கள். பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்து ஆய்வாளர்கள் 1974 இல் அதை எடுத்துப் பிரித்தார்கள். அதன் சமஸ்கிருத நடையையும் நூல் வந்த வழியையும் துருவினார்கள். 1904 க்கு முந்தியதாக இருக்க வழியில்லை என்றார்கள். அதில் சொன்னபடி செய்தால் எந்த விமானமும் பறக்காது என்பதையும் கணக்குப் போட்டுக் காட்டினார்கள். 2018 இல் இன்னொரு குழு 20 திராவிட மொழி வழக்குகளின் அடிப்படைச் சொற்களை ஒப்பிட்டது. அந்தக் குடும்பத்துக்கு ஏறக்குறைய 4,500 ஆண்டு வயது இருக்கலாம் என்றது. இந்தக் கணக்கு ஆயிரக்கணக்கில் முன்பின் ஆகலாம் என்பதையும் அந்தக் குழுவே எழுதி வைத்தது.

முன்பின் ஆகலாம். இந்த இரண்டு சொல்லும் எங்கள் மேடையில் ஏறியதுண்டா?

போகட்டும். கிழவனுக்கு வயது கூட்டிச் சொல்வதால் யாருக்கு என்ன நட்டம் என்று கேட்பீர்கள். கேளுங்கள். அரச கந்தோர்க் கவுண்டருக்குப் போய் நின்றுகொண்டே பேசுவோம்.

1956 தேர்தலில் ஒரு வாக்குறுதி கொடுத்தார்கள். 24 மணித்தியாலத்தில் சிங்களம் மட்டும். கொடுத்தவர் வென்றார். அந்த ஆண்டு ஜூனிலேயே 33 ஆம் இலக்கச் சட்டம் நிறைவேறியது. தமிழுக்கு நியாயமான உபயோகம் தருவதாக 1958 இல் இன்னொரு சட்டம் வந்தது. சட்டம் வந்தது; அதை நடத்துவதற்கான விதிகள் வரவில்லை. அவை வர 1966 ஆயிற்று. தமிழும் அரசகரும மொழி என்று அரசியலமைப்பில் ஒரு வரி சேர 1987 நவம்பர் ஆயிற்று. பதின்மூன்றாம் திருத்தம். 1988 இல் பதினாறாம் திருத்தம். 1991 இல் அரசகரும மொழிகள் ஆணைக்குழு.

சிங்களம் மட்டும் என்பதற்கு 24 மணித்தியாலம். தமிழும் என்பதற்கு 31 ஆண்டு. மொழிக்கும் காலத்துக்கும் உறவு தேடுகிற பண்டிதர்களே, உங்கள் துறையின் முதல் சூத்திரம் இது. ஏடு வேண்டாம். கல்வெட்டு வேண்டாம். வர்த்தமானி போதும்.

இரண்டாவது சூத்திரமும் உண்டு. அது எட்டில் ஒன்று. ஒரு பிரதேச செயலகப் பிரிவில் சிறுபான்மை மொழிக்காரரின் பங்கைப் பார்த்து அதை இருமொழிப் பிரிவாக்கலாம் என்கிறது அரசியலமைப்பின் 22 ஆம் உறுப்புரை; அந்தப் பங்குக்கு நடைமுறையில் வைத்த அளவுகோல்தான் எட்டில் ஒன்று. அதன்படி 1999 இல் வந்த வர்த்தமானி பதுளை, நுவரெலியா மாவட்டங்களில் சில பிரிவுகளை இருமொழிப் பிரிவுகளாக்கியது. நல்லது. ஆனால் கொஸ்லந்தைப் பக்கத்துத் தோட்டத்திலிருந்து பெண் எடுத்துக்கொண்டு மொனராகலை ரப்பர் தோட்டத்துக்குப் போங்கள். மாவட்ட எல்லையைத் தாண்டியதும் அந்தப் பெண் எட்டில் ஒன்றாக இருக்க மாட்டாள். மொனராகலையில் தமிழர் தொகை சிறியது. மாமியார் வீட்டுக்கு வந்தவள் மொழியைப் பிறந்த வீட்டிலேயே விட்டுவிட்டு வர வேண்டும்.

உண்மையில் விட வேண்டியதில்லை. அதே 22 ஆம் உறுப்புரை, சிங்களம் நிர்வாக மொழியாக உள்ள இடத்திலும் எந்த அரச அதிகாரியோடும் தமிழில் தொடர்பு கொள்ளவும், பதிலைத் தமிழில் பெறவும் உரிமை தருகிறது. எட்டில் ஒன்றோ, எண்ணாயிரத்தில் ஒன்றோ, உரிமை உரிமைதான். இதை மொனராகலையில் எந்தச் சுவரில் எழுதி ஒட்டியிருக்கிறார்கள்? வரிசையில் நிற்பவர்களிடம் கேட்டுப் பாருங்கள். அவர்களுக்குத் தெரிந்த அரசகரும மொழிக் கொள்கை இரண்டே சொல். ஹெட்ட என்ட. நாளைக்கு வா. தோட்டத்தில் பிறந்த பிள்ளை சிங்களத்தில் முதலில் கற்றுக்கொள்ளும் வாக்கியம் அதுதான். கற்பித்தது பள்ளிக்கூடம் அல்ல, கவுண்டர்.

மூன்றாவது சூத்திரம் ஒரு சுற்றறிக்கை. 2007 ஜூலை 1 க்குப் பின் அரச சேவைக்கு வருகிறவர்கள் ஐந்து ஆண்டுக்குள் இரண்டாவது அரசகரும மொழியில் தேர்ச்சி பெற வேண்டும் என்றது பொது நிர்வாகச் சுற்றறிக்கை. 2007 உடன் ஐந்தைக் கூட்டினால் 2012. ஐயாயிரம் ஆண்டு பின்னே போய்ப் பார்த்து வந்தவர்களுக்கு 2012 வந்து போனது தெரியவில்லை.

இராவணனையே அனுப்பிப் பார்ப்போம். எல்லக் குகை வாசலில் நிறுத்திவிட்டுப் போன விமானத்தைக் காணோம் என்று வைத்துக்கொள்ளுங்கள். மன்னன் முறைப்பாடு செய்யப் பொலிஸுக்குப் போகிறான். நம் பண்டிதர் சொல்வது போல் அவன் தமிழில் பேசுகிறான். தமிழ் தெரிந்த ஐயா லீவில். ஹெட்ட என்ட. மறுநாள் போகிறான். அந்தத் தரப்புப் பண்டிதர் சொல்வது போல் ஐயாயிரம் ஆண்டுப் பழைய தூய ஹெலயில் பேசிப் பார்க்கிறான். மேசைக்கு அந்தப் பக்கம் இருப்பவருக்கு அதுவும் விளங்கவில்லை. கடைசியில் சைகை. வானத்தைக் காட்டுகிறான். சிறகு போல் கை விரிக்கிறான். ஐயா தலையாட்டி எழுதிக்கொள்கிறார். எழுத்து இன்றைய சிங்களம். "கையெழுத்துப் போடு" என்கிறார். வேந்தன் போடுகிறான். விமானம் தொலைந்தது என்று எழுதினாரா, கோழி தொலைந்தது என்று எழுதினாரா? கையெழுத்து வைத்தவனுக்குத் தெரியாது. மூன்று உலகையும் வென்றவனுக்கு அந்த முக்கால் பக்கத்தை வெல்ல முடியவில்லை.

சிரித்தாயிற்றா? இனிச் சிரிக்க முடியாததைச் சொல்கிறேன். இராவணனுக்கு இது ஒரு நாள் கூத்து. தோட்டத்துப் பெண்ணுக்கு இது வாழ்க்கை. புருஷன் அடித்த முறைப்பாடாகட்டும். காணாமல் போன மகளைப் பற்றிய முறைப்பாடாகட்டும். அவள் தமிழில் அழுவாள். தாளில் சிங்களத்தில் விழும்.

"இதுல என்னாங்க ஐயா எழுதியிருக்கு?"

"நீ சொன்னதுதான். போடு."

போடுவாள். பிறகு ஒரு நாள் நீதிமன்றத்தில் அந்தத் தாள் எழுந்து நின்று பேசும். அவளுக்கு எதிராகவே பேசினாலும் அவளுக்கு விளங்காது. அவள் கையெழுத்து மட்டும் பளிச்சென்று தெரியும். அவள் மொழிக்குப் பத்தாயிரம் வயதா, நாலாயிரத்து ஐந்நூறா என்று அந்த நேரத்தில் யாராவது அவளிடம் போய்ச் சொல்லிப் பாருங்கள். கொழுந்து கிள்ளிக் காய்த்த விரல் பேசும்.

கடிதத்துக்கு வருவோம். தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயத்துக்கு விலாசம் இல்லை. வீட்டுக்கு இலக்கம் இல்லாமல், வீதிக்குப் பேர் இல்லாமல், தோட்டத்தின் பேரில் காகிதம் வருகிறது. அது தோட்டத்துக் கந்தோரில் இறங்கும். யாராவது கண்ணில் பட்டால் லயத்துக்கு வரும். நேர்முகத்துக்கு அழைத்த கடிதம் நேர்முகம் முடிந்த பிறகு வந்த கதை மலையகத்தில் எந்தத் தோட்டத்திலும் கிடைக்கும். நேரத்துக்கு வந்த கடிதமும் சிங்களத்தில் இருந்தால் அதை வாசித்துச் சொல்ல ஆள் தேடி இன்னும் இரண்டு நாள் போகும். ஐயாயிரம் ஆண்டுக்கு முந்தைய வான்வழியைத் தேடிய அரசாங்கத்துக்குத் தபால்காரன் லயத்துக்கு நடக்கும் வழி தெரியவில்லை.

இதையெல்லாம்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். பொறுக்க முடியாத கணக்கு ஒன்று இருக்கிறது.

1948 இன் 18 ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம். பரம்பரையால் பிரஜை என்று காட்ட வேண்டுமா? தகப்பன் இலங்கையில் பிறந்தான் என்று காட்டு. முடியாவிட்டால் பாட்டனும் பூட்டனும் இங்கே பிறந்தார்கள் என்று காட்டு. காட்டு என்றால் தாளில் காட்டு. கோப்பிக் காட்டில் பிறந்து கோப்பிக் காட்டில் புதைந்தவர்களிடம் பூட்டனின் பிறப்புச் சான்றிதழ் கேட்டார்கள். அவர்கள் போட்ட வீதி சாட்சியாக இருந்தது. வெட்டிய ரயில் பாதை சாட்சியாக இருந்தது. 1921 இல் தெமோதரையில் எழுந்த ஒன்பது வளைவுப் பாலம் இன்றும் நிற்கிறது. அதன் முன் நின்று உலகமே படம் பிடித்துக்கொள்கிறது. கல் சாட்சி செல்லாது, காகிதம் வேண்டும் என்றது சட்டம். 1947 இல் ஏழு உறுப்பினர்களைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பிய மக்கள் 1952 இல் ஒருவரையும் அனுப்ப முடியாதவர்கள் ஆனார்கள்.

அதே அரசு இராவணனிடம் என்ன கேட்டது? ஒன்றும் கேட்கவில்லை. அவன் தகப்பன் எங்கே பிறந்தான் என்று கேட்கவில்லை. விமானத்துக்குப் பதிவுச் சான்றிதழ் கேட்கவில்லை. அவனுக்காக அரசே பத்திரிகையில் விளம்பரம் போட்டு ஆவணம் தேடியது. கண்ணால் எவரும் காணாதவனுக்கு 5,000 ஆண்டு. கண் முன்னால் கூடையோடு நின்றவளுக்கு ஒரு நாள்கூட இல்லை.

1964 ஒக்டோபரில் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் இந்த மக்களைப் பங்கு பிரித்தார்கள். 5,25,000 பேர் இந்தியாவுக்கு. 3,00,000 பேர் இலங்கைக்கு. மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்றார்கள். தேயிலையை நிறுப்பதற்காவது ஒரு தராசு இருந்தது. மிச்சமிருந்த நாடற்றவர்களுக்குப் பிரஜாவுரிமை தரும் சட்டம் 2003 இல்தான் வந்தது. 1948 இலிருந்து 55 ஆண்டு. இந்த நாட்டில் காலம் எந்த மொழியில் ஓடுகிறது என்று இதற்கு மேலும் ஆராய வேண்டுமா?

நம் மேடைக்காரர்கள் சிரிக்க வேண்டாம். 1974 ஜனவரியில் யாழ்ப்பாணத்தில் நான்காவது உலகத் தமிழ் மாநாடு நடந்தது. அதன் இறுதி நாளில் பொலிஸ் நடத்திய அட்டூழியத்தில் உயிர்கள் போயின. அதை மறக்கவும் முடியாது, குறைக்கவும் முடியாது. ஆனால் அதே ஜனவரியின் கடைசியில் இன்னொன்றும் நடந்தது. மிச்சம் வைத்த அந்த 1,50,000 பேரையும் சிறிமாவும் இந்தியப் பிரதமர் இந்திராவும் பாதிக்குப் பாதி பிரித்தார்கள். ஆளுக்கு 75,000. பிரிக்கப்பட்டவர்கள் பேசியதும் தமிழ்தான். உலகத் தமிழ் என்று நாம் போடும் பட்டியலில் பாரிஸும் கோலாலம்பூரும் வந்துவிடும். பசறையும் லுணுகலையும் வர வேண்டுமென்றால் யாராவது பக்கத்தைத் திருப்ப வேண்டும்.

மலையகத்தில் வாக்குக் கேட்டு வருகிறவர்களும் இந்தத் துறையில் கலாநிதிகள்தான். மேடையில் உலகின் மூத்த மொழி. கீழே இறங்கினால் தொகுதிக் காரியாலயத்தின் கடிதத் தலைப்பில் தமிழ் எழுத்துப்பிழையோடு நிற்கும். மே தினத்துக்கு ஒரு முறை மொழி உயிர் என்று முழங்குவார்கள். மொழிபெயர்ப்பாளர் வெற்றிடம் எத்தனை ஆண்டாகக் காலியாகக் கிடக்கிறது என்று மாவட்ட ஒருங்கிணைப்புக் கூட்டத்தில் கேட்க அந்த உயிருக்கு மூச்சு வராது. கேட்டால் பக்கத்து நாற்காலிக்காரருக்கு மனம் நோகும். மனம் நோகாமல் தமிழ் வளர்ப்பது ஒரு தனிக் கலை. அதற்கு இரண்டு வாகனமும் ஆறு மெய்க்காப்பாளரும் வேண்டும்.

பழையதைத் தோண்டும் திறமை முன்னே பார்க்கவும் உதவுமா என்றால் மீரியபெத்தவைக் கேளுங்கள். ஹல்துமுல்லப் பிரிவு. கொஸ்லந்தைக்கு மேலே. அந்த மலை ஆபத்தானது, சனத்தை எழுப்புங்கள் என்று தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் 2005 இல் எச்சரித்தது. 2011 இல் மறுபடியும் எச்சரித்தது. 2014 ஒக்டோபர் 29 காலையில் மலை வந்தது. லயங்கள் போயின. ஆட்கள் போனார்கள். பலரின் உடல்கூட எடுக்க முடியவில்லை. எச்சரிக்கை மேசையில் கிடந்தது ஒன்பது ஆண்டு. அதில் இருந்த காலம் இறந்தகாலமும் இல்லை, எதிர்காலமும் இல்லை. ஒரு கோவைக்குள் மடித்து வைத்த காலம். அதற்கு எந்தப் புராணத்திலும் பேர் கிடையாது.

சிங்களக் கமக்காரனுக்காவது இராவணன் ஏதும் செய்தானா? வெல்லஸ்ஸ மண்ணில் 1818 இல் ஆங்கிலேயன் எரித்த வயல்களின் வாரிசு அவன். படிவத்தை அவனால் வாசிக்க முடியும். அவ்வளவுதான் வித்தியாசம். யானை அழித்த சோளத்துக்கு நட்டஈடு கேட்டுப் போனால் அவனுக்கும் அதே ஹெட்ட என்டதான். அவனுக்கு அது நன்றாக விளங்கும் என்பது கூடுதல் வேதனை. மன்னன் உன்னுடையவன், மொழி உன்னுடையது, நாடு உன்னுடையது என்று அவனுக்குச் சொல்லிச் சொல்லியே தண்ணீர் கொடுக்காமல் சமாளித்தார்கள். எங்களுக்கு மூத்த மொழி. அவனுக்கு மூத்த விமானி. இருவருக்கும் வரிசை ஒன்றே.

ஆகவே மொழி ஜாதகவியல் மாநாட்டுக்கு அடுத்த தடவை காசு ஒதுக்குகிறவர்களுக்குச் சில வேலைகள். புத்தியைக் கசக்க வேண்டியவை அல்ல. அந்தக் காசில் மொனராகலைக்கு நான்கு மொழிபெயர்ப்பாளர்களை நியமியுங்கள். ஒவ்வொரு பொலிஸ் நிலையத்திலும் தமிழில் வாக்குமூலம் எழுதத் தெரிந்தவர் இரவிலும் இருக்கட்டும். அடி பகலில் மட்டும் விழுவதில்லை. விளங்காத தாளில் கையெழுத்து வாங்குகிறவருக்குச் சம்பளத்தில் வெட்டு விழட்டும். லயத்து வாசலில் இலக்கம் அடியுங்கள். 2007 சுற்றறிக்கைப்படி தேர்ச்சி பெறாதவர்கள் எத்தனை பேர், அவர்களுக்குப் பதவி உயர்வு கொடுத்தவர்கள் யார் என்று பட்டியல் போடுங்கள். இதற்கு ஏடு தேடி விளம்பரம் போடத் தேவையில்லை. எல்லாம் உங்கள் அலுமாரியிலேயே இருக்கிறது.

நாமும் சும்மா இருக்க வேண்டாம். 2016 இல் தகவல் அறியும் உரிமைச் சட்டம் வந்தது. ஒரு தாள் எடுங்கள். தமிழில் எழுதுங்கள். கடந்த ஆண்டு உங்கள் நிலையத்தில் தமிழர் கொடுத்த முறைப்பாடுகளில் எத்தனை தமிழில் எழுதப்பட்டன என்று மட்டும் கேளுங்கள். சட்டம் இருக்கிறது, ஆகவே பதில் வராமல் போகாது.

வரும். சிங்களத்தில் வரும்.